அத்தியாயம் 6: கேமில் ஸ்கிரீன்ஷாட் – எடுப்பதும் பத்திரப்படுத்துவதும்

1982இல் அட்டாரி 2600க்கு 'பிட்ஃபால்' கேம் வந்தபோது, அதை வெளியிட்ட ஆக்டிவிஷன் ஒரு பரிசு வைத்திருந்தது. 20,000 புள்ளிகளை எட்டியவர்கள் டிவி திரையைப் படம் பிடித்துத் தபாலில் அனுப்பினால், சட்டையில் தைத்துக்கொள்ளும் துணி பேட்ஜ் வீடு தேடி வரும். அதற்கு கேமரா வேண்டும், ஃபிலிமைக் கழுவிப் பிரிண்ட் போட வேண்டும், பிரிண்டில் புள்ளிக்கணக்கு தெளிவாகத் தெரியவும் வேண்டும். 1993இல் 'டூம்' வந்தபோது இந்த வேலை கம்ப்யூட்டருக்குள்ளேயே முடிந்தது. டெவலப்பர்களுக்கான ஒரு கட்டளையைச் சேர்த்து கேமைத் திறந்து எஃப்1 கீயை அழுத்தினால், 320க்கு 200 பிக்ஸல் அளவில் டூம்00, டூம்01 என்று படங்கள் சேரும். வரிசை எண் 99ஓடு நின்றுவிடும்.

இப்போது ஒரு கீயைத் தட்டினால் போதும், எண்ணிக்கைக்கும் வரம்பில்லை. எடுப்பது சுலபமாகிவிட்டதால், எடுத்ததைத் திரும்பக் கண்டெடுப்பதுதான் பெரிய வேலையாகிவிட்டது. எந்தக் கீயை அழுத்தினால் படம் எந்த ஃபோல்டரில் விழும், எந்த வடிவில் சேமித்தால் தரம் குறையாது, என்ன பெயர் வைத்தால் பத்து வருடம் கழித்தும் கைக்குக் கிடைக்கும் என்ற மூன்றும் தெரிந்துவிட்டால் எந்தப் படமும் தொலையாது. இந்த அத்தியாயம் அந்த மூன்றையும் சொல்லித் தருகிறது.

ஏன் இவ்வளவு அக்கறை?

கேம்கள் மறைந்துபோகின்றன. 2004இல் தொடங்கிய 'சிட்டி ஆஃப் ஹீரோஸ்' ஆன்லைன் கேமின் அதிகாரப்பூர்வ சர்வர்கள் 2012 நவம்பர் 30 அன்று நிறுத்தப்பட்டன. யூபிசாஃப்டின் 'தி க்ரூ' கார் கேம் எப்போதும் சர்வரோடு இணைந்திருந்தால்தான் ஓடும். 2024 மார்ச் 31 அன்று அந்த சர்வர்களும் மூடப்பட்டன. காசு கொடுத்து வாங்கியவர்களும் அதன்பின் அதைத் திறந்து ஆட முடியவில்லை. நீங்கள் நண்பர்களோடு சுற்றிய தெருவும், பல மாதம் உழைத்து அலங்கரித்த வீடும் அப்படி ஒருநாள் போய்விட்டால், மிச்சம் இருப்பது நீங்கள் எடுத்து வைத்த படங்கள்தான்.

1999இல் தொடங்கிய 'மோபிகேம்ஸ்' தளத்தில் பழைய கேம்களின் ஸ்கிரீன்ஷாட்டுகள் ஏராளமாகச் சேர்ந்திருக்கின்றன. அவற்றில் பெரும்பாலானவை சாதாரண ஆட்டக்காரர்கள் ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தவை. அந்தக் கேம்களைப் பற்றி எழுதுபவர்களுக்கு அவைதான் ஆதாரம். உங்கள் ஃபோல்டரில் இருக்கும் படமும் அப்படி ஓர் ஆதாரம்தான் என்று நினைத்து வேலை செய்யுங்கள்.

எந்தக் கீ, எந்த ஃபோல்டர்?

புதிய கேம் ஒன்றை நிறுவியதும், ஆட்டத்தில் இறங்கும் முன் ஒரு படம் எடுத்து அது எங்கே போய்ச் சேர்கிறது என்று பார்த்துவிடுங்கள். பொதுவாகப் பயன்படும் வழிகள் இவை:

• ஸ்டீம்: எஃப்12. செட்டிங்ஸில் 'இன் கேம்' பகுதிக்குப் போனால் கீயை மாற்றிக்கொள்ளலாம்.

• விண்டோஸ் கேம் பார்: விண்டோஸ் கீ, ஆல்ட், பிரின்ட் ஸ்கிரீன் மூன்றும் சேர்த்து. படம் 'வீடியோஸ்' ஃபோல்டருக்குள் 'கேப்ச்சர்ஸ்' என்ற இடத்தில் விழும். படம்தானே என்று 'பிக்சர்ஸ்' ஃபோல்டரைத் துழாவுபவர்களுக்கு அது கிடைக்காது.

• விண்டோஸ் கீயும் பிரின்ட் ஸ்கிரீனும்: முழுத் திரையும் 'பிக்சர்ஸ்' ஃபோல்டருக்குள் 'ஸ்கிரீன்ஷாட்ஸ்' என்ற இடத்தில் சேரும்.

• என்விடியா கார்டு இருந்து அதன் ஓவர்லே இயங்கினால்: ஆல்ட், எஃப்1. படங்கள் 'வீடியோஸ்' ஃபோல்டருக்குள் கேமின் பெயரில் தனித்தனியாகப் பிரிந்து சேரும்.

• மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பு: எஃப்2. அதற்கு முன் எஃப்1 அழுத்தினால் திரையில் உள்ள பட்டைகளும் எண்களும் மறையும். படம், கேமின் டேட்டா ஃபோல்டருக்குள் 'ஸ்கிரீன்ஷாட்ஸ்' என்ற இடத்தில், எடுத்த தேதியும் நேரமுமே பெயராக, பிஎன்ஜி வடிவில் சேரும்.

• டாஸ்பாக்ஸில் ஓடும் பழைய கேம்கள்: கன்ட்ரோல், எஃப்5.

• ஸ்டீம் டெக்: ஸ்டீம் பட்டனைப் பிடித்துக்கொண்டு ஆர்1.

• மேக்: ஷிஃப்ட், கமாண்ட், 3. படம் டெஸ்க்டாப்பில் இருக்கும்.

ஸ்டீம் எடுக்கும் படங்கள் எங்கே இருக்கின்றன என்பது பலருக்கும் புதிராக இருப்பதால், அதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். ஸ்டீம் நிறுவிய ஃபோல்டருக்குள் 'யூசர்டேட்டா' என்று ஒன்று இருக்கும். அதற்குள் உங்கள் கணக்கின் எண். அதற்குள் 760 என்ற ஃபோல்டர், அதற்குள் 'ரிமோட்'. அங்கே போனால் கேம்களின் பெயர்கள் இருக்காது, எண்கள்தான் இருக்கும். 730 என்றால் கவுன்டர் ஸ்ட்ரைக், 292030 என்றால் விட்சர் 3, 413150 என்றால் ஸ்டார்ட்யூ வேலி. ஒரு கேமின் எண் தெரிய வேண்டுமானால், ஸ்டீம் கடையில் அந்தக் கேமின் பக்கத்தைத் திறந்து மேலே முகவரியைப் பாருங்கள், அதிலேயே இருக்கும். அந்த எண்ணுக்குள் 'ஸ்கிரீன்ஷாட்ஸ்' ஃபோல்டரும், அதற்குள் சின்னச் சின்ன முன்னோட்டப் படங்களுக்கான 'தம்ப்நெய்ல்ஸ்' ஃபோல்டரும் உண்டு. படங்களை வேறு இடத்துக்கு நகல் எடுக்கும்போது இந்தச் சின்னப் படங்களை விட்டுவிடுங்கள். இல்லையென்றால் ஒவ்வொரு படமும் இரண்டு இரண்டாக வந்து நிற்கும்.

இவ்வளவு ஆழத்துக்குப் போகாமலிருக்க வழி இருக்கிறது. அதே 'இன் கேம்' பகுதியில், படத்தின் சுருக்காத பிரதி ஒன்றை நீங்கள் சொல்லும் ஃபோல்டரிலும் சேமிக்கும் வசதி உள்ளது. அதை இயக்கி, உங்களுக்குப் பிடித்த இடத்தைக் காட்டிவிடுங்கள்.

இன்னொரு மறைவிடம் பழைய கேம்களுக்கு உரியது. அவை படத்தைத் தாங்கள் நிறுவப்பட்ட ஃபோல்டரிலேயே எழுதப் பார்க்கும். 'புரோகிராம் ஃபைல்ஸ்' ஃபோல்டருக்குள் அப்படி எழுத விஸ்டா காலத்திலிருந்தே விண்டோஸ் அனுமதிப்பதில்லை. அதனால் விண்டோஸ் அந்தப் படத்தைச் சத்தமில்லாமல் 'ஆப்டேட்டா', 'லோக்கல்', 'வெர்ச்சுவல்ஸ்டோர்' என்ற பாதைக்குத் திருப்பி அனுப்பிவிடும். கேம் 'சேமித்தாயிற்று' என்று சொல்லியும் ஃபோல்டர் காலியாக இருந்தால் அங்கே போய்ப் பாருங்கள். இத்தகைய கேமை நீக்கும் முன் அதன் ஃபோல்டரையும் ஒருமுறை திறந்து பார்த்துவிடுங்கள், கேமோடு சேர்ந்து படங்களும் அழிந்துபோகலாம்.

படம் கறுப்பாகவோ வெளுத்தோ வந்தால்

கேம் முழுத்திரையைத் தன் வசம் எடுத்துக்கொண்டு ஓடும்போது, விண்டோஸின் சாதாரண பிரின்ட் ஸ்கிரீன் வெறும் கறுப்பையோ பின்னால் இருக்கும் டெஸ்க்டாப்பையோ பிடித்துக்கொண்டு வரக்கூடும். கேமின் வீடியோ செட்டிங்ஸில் 'பார்டர்லெஸ் விண்டோ' என்பதைத் தேர்ந்தெடுத்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். ஸ்டீம், என்விடியா போன்றவற்றின் ஓவர்லேக்கள் கேம் வரையும் சட்டகத்திலிருந்தே நேரடியாகப் படத்தை எடுப்பதால் அவற்றில் இந்தத் தொல்லை குறைவு.

எச்டிஆர் திரை வைத்திருப்பவர்களுக்கு வேறு சிக்கல். திரையில் பளிச்சென்று இருந்த காட்சி, படத்தில் வெளுத்துப்போய் வரலாம். எச்டிஆரின் ஒளி அளவைச் சாதாரணப் படத்துக்குள் சரியாகச் சுருக்காததுதான் காரணம். கேம் பார் மூலம் எடுத்தால் பிஎன்ஜியோடு ஜேஎக்ஸ்ஆர் என்ற வடிவிலும் ஒரு ஃபைல் சேரும். முழு ஒளித் தகவலும் அதில்தான் இருக்கிறது, ஆகவே தேவையில்லை என்று அழித்துவிடாதீர்கள். பகிர்வதற்கு மட்டும் படம் வேண்டுமானால், விண்டோஸ் கீ, ஆல்ட், பி (B) மூன்றையும் சேர்த்து அழுத்தி எச்டிஆரை நிறுத்திவிட்டு எடுப்பதே சுருக்கமான வழி.

ஜேபெக்கா, பிஎன்ஜியா?

1920க்கு 1080 திரையில் ஒரு சட்டகத்தைச் சுருக்காமல் அப்படியே வைத்தால் சுமார் 6.2 எம்பி. 4கே திரையில் அது சுமார் 24.9 எம்பி. இதைக் குறைக்கத்தான் இரண்டு வடிவங்களும் இருக்கின்றன, ஆனால் குறைக்கும் விதம் வேறு.

ஜேபெக், படத்தை 8க்கு 8 பிக்ஸல் கட்டங்களாகப் பிரித்து, கண்ணுக்கு எளிதில் தெரியாது என்று கருதும் நுணுக்கங்களைத் தூக்கி எறிகிறது. மலை, வானம், முகம் போன்ற காட்சிகளில் இந்த இழப்பு தெரியாது. எழுத்துகளின் ஓரத்திலும், பிக்ஸல் பாணியில் வரைந்த கேம்களிலும், கறுப்புப் பின்னணியில் சிவப்பு எழுத்திலும் உடனே தெரியும். விளிம்பைச் சுற்றி அழுக்குப் படிந்ததுபோல் புள்ளிகள் நிற்கும். ஸ்டார்ட்யூ வேலி பண்ணையில் ஒரு பூசணியை 400 சதவீதம் பெரிதாக்கிப் பாருங்கள். பிஎன்ஜியில் ஒவ்வொரு சதுரமும் தனித்தனி நிறத்தோடு கூர்மையாக இருக்கும். ஜேபெக்கில் ஆரஞ்சு நிறம் பக்கத்துப் பச்சைக்குள் கசிந்திருக்கும். அந்தப் படத்தைத் திறந்து திருத்தி மறுபடி ஜேபெக்காகச் சேமித்தால் இழப்பு இன்னும் கூடும்.

பிஎன்ஜி எதையும் எறிவதில்லை, ஃபைல் பெரிதாக இருக்கும், அவ்வளவுதான். ஆகவே மூலப் படம் எப்போதும் பிஎன்ஜியாக இருக்கட்டும், அனுப்புவதற்கு மட்டும் ஜேபெக் பிரதி எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்டீம் தன் கணக்கில் ஜேபெக்காகவே சேமிக்கும். அதனால்தான் மேலே சொன்ன 'சுருக்காத பிரதி' வசதியை இயக்கச் சொல்கிறேன்.

வீடியோவாகப் பதிவுசெய்து அதிலிருந்து ஒரு சட்டகத்தை எடுக்கலாமே என்ற கேள்வி வரும். 2024 நவம்பரிலிருந்து ஸ்டீமிலேயே கேமைப் பதிவுசெய்யும் வசதி வந்திருக்கிறது. கீயை அழுத்த மறந்த தருணங்களுக்கு அது கைகொடுக்கும். ஆனால் வீடியோ சுருக்கத்தில் நிறத் தகவல் பெருமளவு குறைக்கப்படுவதால் தரத்தில் நேரடி ஸ்கிரீன்ஷாட்டுக்கு ஈடாகாது. வேறு வழியில்லாதபோது மட்டும் பயன்படுத்துங்கள்.

பார்க்கத் தகுந்த படம்

ஒரு தடயத்தைப் பதிவுசெய்ய எடுக்கும் படம் வேறு, பார்த்து ரசிக்க எடுக்கும் படம் வேறு. முதல் வகையில் எதையும் மறைக்காதீர்கள். கேமில் பிழை ஒன்றைக் கண்டு அதை உருவாக்கியவர்களுக்குத் தெரிவிக்க எடுக்கிறீர்கள் என்றால் வரைபடம், உயிர் அளவு, பதிப்பு எண் எல்லாம் படத்தில் இருக்க வேண்டும். மைன்கிராஃப்டில் எஃப்3 அழுத்திவிட்டு எடுத்தால் பதிப்பு, இருக்கும் இடத்தின் ஆயத்தொலைவுகள், கிராஃபிக்ஸ் கார்டின் பெயர் எல்லாம் திரையிலேயே எழுதி வந்துவிடும். அந்த ஒரு படம் நீண்ட விளக்கக் கடிதத்தின் வேலையைச் செய்யும்.

இரண்டாம் வகைக்கு போட்டோ மோட் பெரிய துணை. 2004இல் வந்த 'கிரான் டூரிஸ்மோ 4' கேமிலேயே காரை ஓர் ஊரில் நிறுத்தி, லென்ஸ் மாற்றிப் படமெடுக்கும் வசதி இருந்தது. இன்று பல பெரிய கேம்களில் இது உண்டு. 'சைபர்பங்க் 2077' கம்ப்யூட்டரில் 'என்' (N) கீயை அழுத்தினால் உலகம் உறைந்து நிற்கும், கேமராவை நீங்கள் நகர்த்தலாம். 'கோஸ்ட் ஆஃப் சுஷிமா'வில் காற்றின் திசையையும் பறக்கும் இலைகளையும்கூட மாற்றலாம். போட்டோ மோட் இல்லாத 'ஸ்கைரிம்' போன்ற கேமில் கன்சோலைத் திறந்து டி, எஃப், சி (tfc) என்ற மூன்று ஆங்கில எழுத்துகளையும் ஓர் இடைவெளி விட்டு 1 என்ற எண்ணையும் தட்டினால், நேரம் நின்று கேமரா விடுபடும். மறுபடி அதையே தட்டினால் ஆட்டம் தொடரும்.

எந்தக் கேமாக இருந்தாலும் இவற்றைக் கவனியுங்கள்:

• மோஷன் பிளர், ஃபிலிம் கிரெய்ன், குரோமேட்டிக் அபரேஷன் மூன்றையும் அணைத்துவிடுங்கள். ஓடும்போது அழகாகத் தெரிவது, நின்ற படத்தில் அழுக்காகத் தெரியும்.

• கேமராவை நிறுத்தி ஒரு நொடி பொறுத்து அழுத்துங்கள். இன்றைய கேம்களில் பல, முந்தைய சட்டகங்களையும் சேர்த்துத்தான் விளிம்புகளைப் படிக்கட்டுபோல் தெரியாமல் வரைகின்றன. கேமரா நகரும்போது எடுத்தால் நிழல் உருவம் பின்தொடரும்.

• முகத்தை எடுக்கும்போது பார்வைக் கோணத்தைக் குறையுங்கள், ஊரை எடுக்கும்போது கூட்டுங்கள். அகலக் கோணத்தில் கிட்டப்போய் எடுத்த முகத்தில் மூக்கு பெருத்துத் தெரியும்.

• காலை, மாலை வெளிச்சத்துக்குக் காத்திருங்கள். உச்சி வெயில் காட்சியில் நிழலே இல்லாமல் எல்லாம் தட்டையாகிவிடும்.

அழகை மட்டும் தேட வேண்டியதில்லை. அயர்லாந்துக் கலைஞர் ஆலன் பட்லர், 'கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ 5' கேமில் பாத்திரத்தின் கையில் இருக்கும் செல்போன் கேமராவையே கொண்டு, அந்தக் கற்பனை நகரத்தின் தெருவோர வீடற்றவர்களைப் படமெடுத்து ஒரு தொடராகவே செய்திருக்கிறார். துரத்தலும் துப்பாக்கியுமாக எல்லோரும் கடந்துபோகும் இடத்தில் அவர் நின்று பார்த்தார். கவனித்துப் பார்ப்பதுதான் இந்தக் கலையின் முதல் பாடம்.

பெயரும் அடுக்கும்

ஸ்டீம் வைக்கும் பெயர் 20240517203412_1 என்பதுபோல் இருக்கும். முதல் நான்கு இலக்கம் வருடம், பிறகு மாதம், நாள், மணி, நிமிடம், நொடி. அதாவது 2024 மே 17, இரவு 8 மணி 34 நிமிடம் 12 நொடி. இந்த எண்ணை அழிக்காதீர்கள். ஃபைலை நகலெடுக்கும்போது 'உருவான தேதி' மாறிவிடும். போனில் எடுக்கும் போட்டோவுக்குள் இருப்பதுபோன்ற தேதிக் குறிப்பு ஸ்கிரீன்ஷாட்டுகளில் இருக்கும் என்று நம்பவும் முடியாது. பெயரில் உள்ள எண்தான் நிலைத்திருக்கும் சாட்சி.

அதன் பின்னால் கேமின் சுருக்கப் பெயரையும் இடத்தையும் சேருங்கள்: 20240517203412_1_விட்சர்3_நோவிகிராட்-துறைமுகம். வருடம் முதலில் வருவதால் கம்ப்யூட்டரே காலவரிசையில் அடுக்கிவிடும். ஒவ்வொன்றாகப் பெயர் மாற்ற வேண்டாம். இர்ஃபான்வியூ, மைக்ரோசாஃப்டின் பவர்டாய்ஸ் இரண்டும் இலவசம், நூறு படங்களுக்கு ஒரே மூச்சில் பெயர் மாற்றும்.

தமிழில் பெயர் வைக்கலாமா? உங்கள் சேமிப்பில் தாராளமாக வைக்கலாம். ஆனால் கேம் நேரடியாக எழுதும் ஃபோல்டரின் பாதையில் தமிழ் வேண்டாம். விண்டோஸில் தமிழ் முழுக்க யூனிகோடை நம்பியே இருக்கிறது. பழைய நிரல்கள் பயன்படுத்தும் 256 எழுத்து அட்டவணைகளில் தமிழுக்கென்று ஒன்று கிடையாது. யூனிகோட் தெரியாத பழைய கேமுக்குத் தமிழ்ப் பெயர் வெறும் கேள்விக்குறிகளாகப் போய்ச் சேரும், படம் சேமிக்கப்படாமலே போகலாம். விண்டோஸ் கணக்கைத் தமிழ்ப் பெயரில் தொடங்கியவர்களுக்கு இது அடிக்கடி இடிக்கும். கேம் எழுதும் இடம் ஆங்கில எழுத்தில், நீங்கள் அடுக்கும் இடம் தமிழில் என்று பிரித்துக்கொள்ளுங்கள்.

ஃபோல்டர் அடுக்கு எளிமையாக இருக்கட்டும். மேலே 'மூலம்', 'திருத்தியவை', 'அனுப்பியவை' என்று மூன்று. ஒவ்வொன்றுக்குள்ளும் கேமின் பெயர், அதற்குள் வருடம். மூலத்தில் இருக்கும் எதையும் வெட்டவோ நிறம் மாற்றவோ கூடாது. திருத்த வேண்டுமானால் நகலெடுத்துத் திருத்துங்கள்.

பகிர்வதற்கு முன்

அனுப்பும் படத்தை ஓரத்திலிருந்து ஓரம்வரை ஒருமுறை கண்ணால் துழாவுங்கள். மூலையில் எட்டிப்பார்க்கும் சாட் செய்தி, நண்பரின் பெயர், சர்வர் முகவரி எல்லாம் தெரிந்துவிடும். மைன்கிராஃப்டில் எஃப்3 ஆயத்தொலைவுகளோடு வீட்டைக் காட்டினால், அதே சர்வரில் இருக்கும் எவரும் உங்கள் பெட்டிகளைத் தேடி வரலாம்.

கண்ணுக்குத் தெரியாதவையும் உண்டு. 'வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்' எடுக்கும் ஜேபெக் படங்களுக்குள் கணக்கு அடையாளமும் நேரமும் சர்வர் விவரமும் மறைகுறியாகப் பதிந்திருப்பதை 2012இல் ஆட்டக்காரர்கள் கண்டுபிடித்தார்கள். விண்டோஸ் 11இன் ஸ்னிப்பிங் டூலில் படத்தை வெட்டி அதே ஃபைலின் மேல் சேமித்தால், வெட்டிய பகுதியின் தகவல் ஃபைலுக்குள்ளேயே ஒட்டிக்கொண்டிருந்ததும் 2023 மார்ச்சில் வெளிவந்தது. அது அப்போதே சரிசெய்யப்பட்டுவிட்டது, ஆனால் அதற்கு முன் வெட்டிச் சேமித்த படங்களை அப்படியே இன்று அனுப்பாதீர்கள். மறைக்க வேண்டிய இடத்தை மங்கலாக்காமல் முழுக் கறுப்புப் பெட்டியால் மூடி, புதிய பெயரில் சேமியுங்கள்.

வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பினால் அது சுருக்கப்படும், பெயரும் மாறிவிடும். தரம் முக்கியமென்றால் 'டாக்குமென்ட்' என்று தேர்ந்தெடுத்து அனுப்புங்கள். கதையின் முடிவைக் காட்டும் படமென்றால் எச்சரித்துவிட்டு அனுப்புங்கள். ஸ்டீமில் ஏற்றும்போது 'ஸ்பாய்லர்' என்று குறிக்கவும், பார்க்கும் உரிமையை நண்பர்களுக்கு மட்டும் என்று சுருக்கவும் வழி இருக்கிறது.

மாதம் ஒருமுறை செய்ய வேண்டியவை

1. எல்லா இடங்களிலிருந்தும் புதிய படங்களை 'மூலம்' ஃபோல்டருக்குக் கொண்டு வாருங்கள். ஸ்டீம், கேப்ச்சர்ஸ், கேமின் சொந்த ஃபோல்டர் மூன்றையும் பாருங்கள்.

2. ஒரே காட்சியை ஐந்தாறு முறை எடுத்திருந்தால் சிறந்த இரண்டை வைத்துக்கொண்டு மற்றதை அழியுங்கள். சந்தேகம் இருந்தால் அழிக்க வேண்டாம்.

3. பெயர் மாற்றுங்கள். அந்த மாதம் முக்கியமாக நடந்ததை ஒரு டெக்ஸ்ட் ஃபைலில் இரண்டு வரி எழுதி அதே ஃபோல்டரில் போடுங்கள்: யாரோடு ஆடினீர்கள், எந்தப் பதிப்பு, எந்த மாட் போட்டிருந்தீர்கள்.

4. வெளி ஹார்ட் டிஸ்க்கில் ஒரு பிரதி, கிளவுடில் ஒரு பிரதி. கூகுளில் இலவசமாக 15 ஜிபியும் ஒன்டிரைவில் 5 ஜிபியும் கிடைக்கும். பிஎன்ஜி மூலங்களுக்கு அது போதாமல் போனால், தேர்ந்தெடுத்த படங்களை மட்டும் கிளவுடில் வையுங்கள்.

5. பிரதியிலிருந்து ஏதாவது ஒரு படத்தைத் திறந்து பாருங்கள். திறந்து பார்க்காத பிரதியை நம்ப முடியாது.

முதல் முறை மட்டும் ஒரு மாலை முழுக்கப் பிடிக்கும். ஏற்கெனவே சிதறிக் கிடப்பவற்றைத் தேடிச் சேர்ப்பதில்தான் நேரம் போகும். அதற்கு அஞ்சி முழுவதையும் ஒத்திப்போடாதீர்கள். இப்போது ஆடிக்கொண்டிருக்கும் ஒரு கேமை மட்டும் எடுத்து இந்த ஐந்தையும் செய்யுங்கள். ஆன்லைன் கேமாக இருந்தால் அதற்கே முதலிடம் கொடுங்கள், ஏனென்றால் அதன் சர்வர் எப்போது நிற்கும் என்பது உங்கள் கையில் இல்லை.